சொரோயாவின் வெள்ளை, வெள்ளையே இல்லை

கேட்டது மூன்று கேள்விகள். ஸ்பெயின் நாட்டு ஓவியர் ஹோவாக்கின் சொரோயாவை ஏன் 'ஒளியின் ஓவியர்' என்கிறார்கள்? அவரும் பிரெஞ்சு ஓவியர் மோனே மாதிரி, நொடியில் மாறும் வெளிச்சத்தைப் பிடித்து வரைகிற ஓர் இம்ப்ரஷனிஸ்ட்தானா? கடற்கரையில் விளையாடும் பிள்ளைகளைத் தாண்டி அவரிடம் வேறு என்ன இருக்கிறது? மூன்றாவது கேள்வியில் லேசான இளப்பம் தெரிகிறது. அதைத் தப்பு சொல்ல மாட்டேன். காலண்டரிலும் காபிக் கோப்பையிலும் அச்சாகிற படங்கள் வழியாக அவரைத் தெரிந்துகொண்டவர்களுக்கு அப்படித்தான் தோன்றும். எனக்கும் பல வருடம் அப்படித்தான் இருந்தது.

முதலில் பெயரை முடித்துவிடுவோம். ஸ்பானிய மொழியில் இரண்டு 'எல்' சேர்ந்து வந்தால் 'ய' ஒலிதான். ஆகவே சொரோல்லா இல்லை, சொரோயா.

பிறந்தது 1863 பிப்ரவரி 27, மத்தியதரைக் கடலோரத்தில் இருக்கும் வலென்சியா நகரத்தில். இரண்டு வயதில், 1865 காலரா கொள்ளைநோயில், சில நாள் இடைவெளியில் அப்பாவும் அம்மாவும் போய்விட்டார்கள். அவரையும் தங்கை கோஞ்சாவையும் அம்மாவின் சகோதரி இசபெல் எடுத்து வளர்த்தார். இசபெல்லின் கணவர் ஹோசே பிகேரெஸ் பூட்டுத் தொழில் செய்தவர். பையனுக்குப் படிப்பில் மனம் இல்லை, நோட்டுப் புத்தகம் முழுக்கப் படம்தான். பட்டறைக்குக் கூட்டிப் போய் தொழில் பழக்கிப் பார்த்தார்கள், அதுவும் ஒட்டவில்லை. கடைசியில் தொழிலாளர் பிள்ளைகளுக்கான கைவினைப் பள்ளியில் ஓவிய வகுப்பில் சேர்த்துவிட்டார்கள். அங்கிருந்து வலென்சியாவின் சான் கார்லோஸ் நுண்கலைப் பள்ளி.

அந்தப் பள்ளியில் படிக்கும்போது கிடைத்த ஒரு நட்பு அவர் வாழ்க்கையையே திருப்பியது. கூடப் படித்த பையனின் அப்பா அந்தோனியோ கார்சியா பெரிஸ், வலென்சியாவின் பேர்பெற்ற புகைப்படக்காரர். அவருடைய ஸ்டூடியோவில் சொரோயாவுக்கு ஒரு வேலை கிடைத்தது. கருப்பு வெள்ளைப் படங்களுக்கு வண்ணம் பூசி, முகங்களைச் சரிசெய்து கொடுக்கிற வேலை. வயிற்றுப்பாட்டுக்கு வந்த வேலைதான். ஆனால் வெளிச்சம் ஒரு முகத்தில் எங்கே விழுகிறது, எங்கே நின்றுவிடுகிறது என்பதை நாள் முழுக்க உற்றுப் பார்க்க வைக்கிற வேலையும் அதுதான். ஸ்டூடியோக்காரருக்கு குளோடில்டே என்று ஒரு மகள். அவரைத்தான் 1888இல் சொரோயா கட்டிக்கொண்டார்.

பதினெட்டு, பத்தொன்பது வயதில் மாட்ரிட் போய், பிராதோ அருங்காட்சியகத்தில் உட்கார்ந்து, 17ஆம் நூற்றாண்டு ஸ்பானிய ஓவிய மேதை வெலாஸ்கெஸின் படங்களை நகல் எடுத்தார். இது ஏன் முக்கியம் என்று பின்னால் வருகிறேன். அன்றைய ஸ்பெயினில் ஓர் இளம் ஓவியன் மேலே வர ஒரே வழி, தேசியக் கண்காட்சியில் மெடல் வாங்குவது. அந்த மெடலோ பெரும்பாலும் சரித்திரப் படங்களுக்குத்தான் போகும். 1884இல் அவர் அனுப்பியது, 1808இல் மாட்ரிட் மக்கள் நெப்போலியன் படையை எதிர்த்துச் சண்டை போட்ட காட்சி. அதையும் அறைக்குள் உட்கார்ந்து வரையவில்லை. வலென்சியாவின் காளைச்சண்டை மைதானத்தில் ஆட்களை நிறுத்தி, புகை கிளப்பி, வெட்டவெளியில் வரைந்தார். இரண்டாம் மெடல் கிடைத்தது. இங்கே பெயர் எடுத்து மெடல் வாங்க வேண்டுமென்றால் பிணம் வரைய வேண்டும் என்று அப்போது அவர் சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. 21 வயதுப் பையனுக்குச் சந்தை நிலவரம் நன்றாகவே புரிந்திருந்தது.

அப்புறம் வலென்சியா மாகாண சபையின் உதவித்தொகையில் ரோம். அங்கே பெரிதாக ஒரு மதப் படம் செய்தார், கிறிஸ்துவை அடக்கம் செய்யும் காட்சி. 1887 தேசியக் கண்காட்சியில் அது எடுபடவில்லை. மனசு உடைந்துபோனார். நல்லவேளை, நடுவில் 1885இல் பாரிஸ் போய் வந்திருந்தார். வயற்காட்டு மனிதர்களைச் சாம்பல் வெளிச்சத்தில் வரைந்த ழூல் பஸ்தியன்-லெபாஜ், ஜெர்மானியரான மென்ட்செல் ஆகிய இருவரின் படங்களை அங்கே பார்த்தார். சரித்திரமும் சாமியும் இல்லாமல், கண்முன்னால் இருக்கும் சாதாரண ஆட்களை வைத்தே பெரிய படம் செய்யலாம் என்பது அவருக்கு அங்கேதான் உறைத்தது. கல்யாணத்துக்குப் பிறகு கொஞ்ச காலம் இத்தாலியின் அசிசியில் இருந்துவிட்டு, 1890இல் மாட்ரிட்டில் குடியேறினார். மரியா, ஹோவாக்கின், எலேனா என்று மூன்று பிள்ளைகள்.

இப்போது மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். 1890களில் சொரோயா வரைந்த முக்கியமான படங்களில் பலவும் காலண்டருக்கு ஆகாது.

'இன்னொரு மார்கரிட்டா', 1892. மூன்றாம் வகுப்பு ரயில் பெட்டி, மரப் பலகை இருக்கை. கைகட்டப்பட்ட ஒரு பெண் தலை குனிந்து உட்கார்ந்திருக்கிறாள், பின்னால் இரண்டு காவலர்கள். பெற்ற குழந்தையைக் கொன்றதாகக் குற்றச்சாட்டு. ஜன்னல் வழியாக வெயில் சாதாரணமாக, எதுவுமே நடக்காத மாதிரி, உள்ளே விழுகிறது. மாட்ரிட்டிலும், அடுத்த வருடம் சிகாகோ உலகக் கண்காட்சியிலும் இது பரிசு வாங்கியது.

'இன்னமும் மீன் விலை அதிகம் என்கிறார்கள்!', 1894. படகின் அடிப்பகுதி. கடலில் அடிபட்ட ஒரு சின்னப் பையனை இரண்டு வயசாளிகள் தாங்கிப் பிடித்திருக்கிறார்கள். ஒருவர் தோளைப் பிடித்திருக்க, மற்றவர் காயத்தில் துணி வைத்து அழுத்துகிறார். பையன் கழுத்தில் ஒரு சாமி டாலர். பின்னால் மூலையில், அன்று பிடித்த மீன்கள் குவிந்து கிடக்கின்றன. படத்தின் தலைப்பு சந்தையில் பேரம் பேசுகிறவர்களுக்கான பதில். இது இப்போது பிராதோவில் இருக்கிறது. இவர் வெறும் அழகுக்காரர் என்று யாராவது சொன்னால் நான் காட்டுவது இந்தப் படத்தைத்தான்.

அந்த வரிசையின் முடிவு 'துயரமான வாரிசுச் சொத்து', 1899. வலென்சியாக் கடற்கரையில், சான் ஹுவான் தெ தியோஸ் மருத்துவமனையின் ஊனமுற்ற பிள்ளைகளை ஒரு பாதிரியார் கடல் குளியலுக்குக் கூட்டி வந்திருக்கிறார். ஊன்றுகோல் வைத்த பையன்கள், கண் தெரியாத பையன்கள், சூம்பிய கால்கள், எல்லோரும் அம்மணமாக. நடுவில் கறுப்பு அங்கி போட்ட பாதிரியார் ஒருவனைத் தாங்கிப் பிடிக்கிறார். பின்னால் கடல் ஏறக்குறைய மை நிறம். பெற்றவர்கள் செய்த பாவம் பிள்ளைகள் உடம்பில் வந்து நிற்கிறது என்கிற அந்தக் காலத்து எண்ணம் தலைப்பில் இருக்கிறது, இன்று படிக்கும்போது அது உறுத்தும். 1900 பாரிஸ் உலகக் கண்காட்சியில் இந்தப் படத்துக்குப் பெரும்பரிசு. வரையும்போது மிகவும் வேதனைப்பட்டதாகவும், இனி இப்படி ஒன்றை வரைய மாட்டேன் என்றும் பிற்பாடு சொன்னார். சொன்னபடியே அதற்குமேல் வரையவில்லை.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். அந்தப் பிள்ளைகள் நிற்கும் கடற்கரையும், பத்து வருடம் கழித்துக் கொழுகொழுவென்று பிள்ளைகள் உருண்டு விளையாடும் கடற்கரையும் ஒன்றுதான். வலென்சியாவின் மால்வரோசா, எல் கபன்யால் பகுதி. சந்தோஷப் படங்களை வரைந்த கை முதலில் எதையெல்லாம் வரைந்தது என்று தெரிந்துகொண்டால், அந்தச் சந்தோஷத்தை அசட்டுத்தனம் என்று தள்ளத் தோன்றாது. காலராவில் அப்பா அம்மாவைப் பறிகொடுத்தவர், ஆரோக்கியமான பிள்ளை உடம்புகளைத் திரும்பத் திரும்ப வரைந்தார். இதற்கு மேல் மனோதத்துவம் பேசுவது எனக்குப் பிடிக்காத வேலை.

சரி, ஒளிக்கு வருவோம்.

'பாய் தைக்கிறார்கள்' என்று 1896இல் ஒரு படம், மூன்று மீட்டர் அகலம். இப்போது வெனிஸில் கா பெசரோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. மீனவர் வீட்டு முற்றம், மேலே கொடிப் பந்தல், ஓரத்தில் பூந்தொட்டிகள். பெண்களும் ஆண்களும் சேர்ந்து ஒரு பெரிய படகுப் பாயைத் தைத்துக்கொண்டிருக்கிறார்கள். படத்தின் கதாநாயகன் அந்தப் பாய்தான். அது முற்றத்தின் நீளத்துக்கும் மடிந்து, சுருண்டு, நம் காலடி வரைக்கும் வழிந்து வருகிறது. வெள்ளைப் பாய் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். கிட்டப் போய்ப் பார்த்தால் அதில் சுத்தமான வெள்ளை மிகக் கொஞ்சம். பந்தல் இடுக்கில் புகுந்து வெயில் நேராக விழும் திட்டுகளில் மட்டும் மஞ்சள் கலந்த வெள்ளை கெட்டியாக அப்பியிருக்கிறது. மற்ற இடமெல்லாம் நீலம், ஊதா, இளம்பச்சை, சாம்பல். பத்தடி தள்ளி வந்தால் அத்தனையும் ஒரே வெள்ளைத் துணியாகிவிடுகிறது.

இதில் மாயம் ஒன்றும் இல்லை. வெயிலில் ஒரு வெள்ளைத் துணி கொடியில் தொங்கும்போது, வெயில் படும் பக்கத்துக்குச் சூரியன் வெளிச்சம் தருகிறது. நிழல் பக்கத்துக்குச் சூரியன் எட்டாது, ஆனால் வானம் முழுக்க எட்டுகிறது. வானம் நீலம், ஆகவே நிழலும் நீலம் ஏறும். தரையில் மணல் இருந்தால் அதில் பட்டு எகிறும் வெளிச்சம் கீழிருந்து துணிமேல் மஞ்சளாகப் படும். மேலிருந்து வருவதும் கீழிருந்து வருவதும் கலக்கும் இடங்களில் ஊதாவும் இளஞ்சிவப்பும் பிறக்கும். மேலே இலைப் பந்தல் இருந்தால் பச்சையும் சேரும். நம் மூளை இதையெல்லாம் தள்ளிவிட்டு 'வெள்ளைத் துணி' என்று முடித்துக்கொள்கிறது. அன்றாட வாழ்க்கைக்கு அது போதும். சொரோயா அந்தத் தள்ளுபடியை ஏற்றுக்கொள்ளாமல், கண்ணில் பட்டதை மட்டும் வைத்தார். கோபால்ட் நீலம், காட்மியம் மஞ்சள் மாதிரி 19ஆம் நூற்றாண்டில் புதிதாக வந்த வண்ணங்கள் அதற்குக் கைகொடுத்தன. பழைய ஓவியர்கள் நிழலுக்கு எடுத்த பழுப்புக் குழம்பு அவருக்குத் தேவைப்படவில்லை.

ஆகவே அவருடைய படத்தை எங்கே பார்த்தாலும் வெயில் விழும் இடத்தை விட்டுவிட்டு நிழலை முதலில் பாருங்கள். நிழலுக்குள் தெளிவான நிறம் இருப்பதால்தான் வெயில் எரிகிறது. நிழலைக் கறுப்பாக்கிவிட்டால் வெயில் சுண்ணாம்பாகிவிடும். வாட்டர்கலர் பழகும் என்னைப் போன்றவர்கள் இதை நிறையக் காகிதத்தைக் கெடுத்தபின் கற்றுக்கொள்கிறோம்.

இரண்டாவது விஷயம் வேகம். மெதுவாக வரைய வேண்டுமென்றால் என்னால் வரையவே முடியாது, எல்லாமே நொடியில் மாறிவிடுகிறது என்கிற பொருளில் அவரே பேசியிருக்கிறார். சாயங்கால வெயிலின் ஒரே சாயல் அரை மணி நேரம் நின்றால் அதிகம். அதற்காக அவர் செய்த ஏற்பாடு இரண்டு. ஒன்று, தபால் கார்டு அளவிலான அட்டைகளிலும் பலகைகளிலும் குறிப்பு எடுப்பது. ஆள் இல்லை, முகம் இல்லை, நாலைந்து வண்ணப் பட்டைகள், அவ்வளவுதான். இன்ன நேரத்தில் கடல் இன்ன நீலம், மணல் இன்ன மஞ்சள். இந்த மாதிரிச் சின்னக் குறிப்புகள் மாட்ரிட்டின் சொரோயா அருங்காட்சியகத்தில் ஏராளமாக இருக்கின்றன, சில பெரிய படங்களைவிட எனக்கு அவைதான் பிடிக்கும். இரண்டாவது ஏற்பாடு, இரண்டு மீட்டர் கேன்வாஸைக் கடற்கரைக்கே தூக்கிக்கொண்டு போய்விடுவது. புகைப்படங்கள் இருக்கின்றன. கோட், தொப்பி சகிதம் மணலில் நிற்கிறார். காற்றுக்குக் கேன்வாஸ் பறக்காமல் இருக்கக் கழி நட்டுத் துணித் தடுப்பு கட்டியிருக்கிறார்கள். பக்கத்தில் குடை. சற்றுத் தள்ளி மாடலாக நிற்கும் பையன்கள் தண்ணீரில். பார்த்தால் ஓவியர் வேலை மாதிரித் தெரியாது, கூடாரம் போடும் வேலை மாதிரித் தெரியும்.

மூன்றாவது, திசை. இதை யாரும் அதிகம் சொல்வதில்லை. வலென்சியாவின் கடல் கிழக்கே இருக்கிறது. காலையில் கடலைப் பார்த்து நின்றால் ஆட்கள் எதிர்வெயிலில், விளிம்பு மட்டும் மின்ன நிற்பார்கள். சாயங்காலம் அதே இடத்தில் நின்றால் சூரியன் முதுகுக்குப் பின்னால், ஊர்ப்பக்கம். சாய்ந்த மஞ்சள் வெயில் நேராக ஆட்கள் மேல் விழும், பின்னணியில் கடல் குளிர்ந்த நீலமாக இருக்கும். மஞ்சளும் நீலமும் இயற்கையே எதிரெதிராக வைத்துக் கொடுத்த மாதிரி. 1903இல் வரைந்த 'சாயங்கால வெயில்' படத்தில் காளைகள் மீன்பிடிப் படகைக் கரைக்கு இழுக்கின்றன. அங்கே படகுகளைக் கரையேற்ற மாடு கட்டுவது வழக்கம். மாடுகளின் முதுகில் பொன், பாயில் பொன், அலையில் நீலம். அந்தப் படம் இப்போது நியூயார்க்கில் இருக்கிறது.

1909 கோடையில்தான் உச்சம். அந்த ஒரே பருவத்தில் 'கடலோர நடை', 'குதிரையின் குளியல்' இரண்டும் வந்தன. 'கடலோர நடை'யில் குளோடில்டேயும் மூத்த மகள் மரியாவும் வெள்ளை உடையில் கரையோரமாக நடக்கிறார்கள். வானம் கிடையாது, அடிவானக் கோடும் கிடையாது. மேல்விளிம்பு தலைகளுக்கு ஒட்டி வந்து நிற்கிறது, கீழே மட்டும் வெறும் மணல் தாராளமாக விரிகிறது. பாதி நடையில் யாரோ கேமராவை அழுத்திய மாதிரியான சட்டகம். மாமனாரின் ஸ்டூடியோ இங்கே வேலை செய்கிறது. குளோடில்டேயின் முகத்திரை காற்றில் பறந்து முகத்தைப் பாதி மறைக்கிறது. அந்தத் திரையைக் கிட்டப் போய்ப் பார்த்தால் நாலைந்து அகலமான இழுப்பு, அவ்வளவே. மனைவி முகத்தை அப்படி விட்டுவிட ஒரு துணிச்சல் வேண்டும்.

'குதிரையின் குளியல்' படத்தில் ஒரு பையன் வெள்ளைக் குதிரையைக் கடலிலிருந்து நடத்தி வருகிறான். இங்கேயும் அந்த வெள்ளைப் பாடம்தான், கூடவே ஈரம். நனைந்த தோல் பாதி கண்ணாடி. குதிரையின் விலாவில் வானமும் மணலும் பிரதிபலிக்கின்றன. அடுத்த வருடத்து 'கடற்கரையில் பிள்ளைகள்' படத்தில் மூன்று பையன்கள் ஈர மணலில் குப்புறப் படுத்திருக்கிறார்கள், மேலே மெல்லிய தண்ணீர்ப் படலம் ஓடுகிறது. முதுகில் பளீர் என்று வெள்ளைத் திட்டு, உடம்பைச் சுற்றி ஊதா, அடியில் நெளியும் பிம்பம். உடம்பு எங்கே முடிகிறது, பிம்பம் எங்கே தொடங்குகிறது என்று விரல் வைத்துக் காட்ட முடியாது.

அப்படியானால் இம்ப்ரஷனிஸ்ட்தானே என்றால், என் பதில் இல்லை என்பதுதான். ஒரு காரணம் காலம். மோனேயின் குழு பாரிஸில் முதல் கண்காட்சி வைத்தது 1874இல், அப்போது சொரோயாவுக்கு 11 வயது. ஆனால் பெரிய காரணம் வேறு. மோனேவுக்கு வெளிச்சம் பொருளைக் கரைக்கிறது. அவர் திரும்பத் திரும்ப வரைந்த வைக்கோல் போரும் ருவான் தேவாலயமும் கடைசியில் வண்ணப் புகையாகிவிடுகின்றன. சொரோயாவின் பையனுக்கு எவ்வளவு வெயில் அடித்தாலும் தோள்பட்டை எலும்பு உள்ளே இருக்கிறது. வெலாஸ்கெஸை நகல் எடுத்த கை அது, உருவத்தை விட்டுக்கொடுக்காது. தூரிகையின் தாராளமும் பாரிஸைவிட வெலாஸ்கெஸிடமிருந்தே அதிகம் வந்தது என்பது என் எண்ணம். அமெரிக்கரான சார்ஜென்ட், ஸ்வீடன்காரர் ஸோர்ன், டென்மார்க் கடற்கரையை வரைந்த க்ரோயர், இவர்கள்தான் அவருடைய உண்மையான பங்காளிகள். சார்ஜென்ட் அவருக்கு நண்பரும்கூட.

வெயில் இல்லாத இடத்திலும் அவர் ஒளியின் ஓவியர்தான் என்பதற்கு இரண்டு படம் சொல்கிறேன். 'தாய்' என்கிற படத்தில் ஒரு பெரிய வெள்ளைப் படுக்கை, வெள்ளைச் சுவர். நடுவில் குளோடில்டேயின் தலையும், பிறந்து சில நாளான எலேனாவின் தலையும் மட்டும். மிச்சமெல்லாம் வெள்ளை, அதிலும் எத்தனையோ சாயல். இன்னொன்று 1897இல் வரைந்த 'ஓர் ஆராய்ச்சி'. இரவு, விளக்கு மஞ்சள், மேஜையில் கண்ணாடிப் புட்டிகள், மருத்துவர் லூயிஸ் சிமார்ரோ வேலையில் குனிந்திருக்கிறார், சுற்றிலும் மாணவர்கள். நரம்பு அணுக்களைச் சாயமேற்றிப் பார்க்கும் முறையைச் சாந்தியாகோ ரமோன் இ கஹாலுக்குக் காட்டியவர் இந்தச் சிமார்ரோதான். கஹால் அதை வைத்து மூளை இயலையே மாற்றி, 1906இல் நோபல் பரிசு வாங்கினார். கஹாலையும் சொரோயா உருவப்படம் வரைந்திருக்கிறார்.

புகழ் வந்த வேகத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1906இல் பாரிஸில் ழோர்ஜ் பெதி கூடத்தில் ஏறக்குறைய 500 படங்களுடன் கண்காட்சி, அமோக விற்பனை. 1908இல் லண்டன், அது அவ்வளவாகப் போகவில்லை. ஆனால் லண்டனில் அவர் படங்களைப் பார்த்தவர்களில் ஆர்ச்சர் ஹன்டிங்டன் ஒருவர். அமெரிக்க ரயில்வே செல்வந்தர் குடும்பம், ஸ்பெயின் என்றால் உயிர். நியூயார்க்கில் ஹிஸ்பானிக் சொசைட்டி என்று ஒரு நூலகமும் அருங்காட்சியகமும் கட்டியிருந்தார். 1909 பிப்ரவரி, மார்ச்சில் அங்கே 356 படங்கள் வைத்தார்கள். ஒரு மாதத்தில் சுமார் 1,60,000 பேர் வந்தார்கள். குளிர்கால நியூயார்க்கில், நகரின் வடகோடியில், வலென்சியா வெயிலைப் பார்க்க வரிசை. அந்தப் பயணத்திலேயே வெள்ளை மாளிகையில் அதிபர் டாஃப்ட்டின் உருவப்படமும் வரைந்தார்.

1911இல் மறுபடி அமெரிக்கா போனபோது, ஹோட்டல் ஜன்னலிலிருந்து கீழே தெரிந்த தெருவை, சலவைக்குப் போன சட்டைகளுக்குள் வைத்து வரும் அட்டைகளில் வரைந்தார். சாப்பாட்டு மேஜையில் மெனு அட்டையின் பின்பக்கம் பக்கத்து மேஜைக்காரர்கள். மனுஷர் கை சும்மா இருக்காது. வீட்டை விட்டுப் போனால் குளோடில்டேவுக்கு ஏறக்குறைய தினமும் கடிதம். படம் விற்பது, கணக்கு வழக்கு, கடிதப் போக்குவரத்து எல்லாம் குளோடில்டேயின் பொறுப்பில்தான் இருந்தன. 'என் நிதியமைச்சர்' என்றே கூப்பிட்டிருக்கிறார்.

அப்புறம் வந்ததுதான் 'ஸ்பெயின் தரிசனம்'. 1911 நவம்பரில் ஹன்டிங்டனோடு பாரிஸில் ஒப்பந்தம், 1,50,000 டாலர். நூலக அறைச் சுவர் முழுக்க, மூன்றரை மீட்டர் உயரத்தில், மொத்தம் சுமார் 70 மீட்டர் நீளத்துக்கு ஸ்பெயினின் பிரதேசங்களை வரைய வேண்டும். ஹன்டிங்டன் மனதில் முதலில் இருந்தது சரித்திரக் காட்சிகள். சொரோயா அதை மாற்றி, இன்று உயிரோடு இருக்கும் மக்கள், அவர்கள் உடை, திருவிழா, தொழில் என்றார். மெடலுக்காகப் பிணம் வரைந்த காலம் போய்விட்டது அல்லவா.

1912இலிருந்து 1919 வரை ஏழு வருடம் அது அவரை உறிஞ்சியது. காஸ்தீயக் குளிர், நவார்ரா மலை, செவியாவின் ஈஸ்டர் ஊர்வலம், கலீசியாவின் சந்தை, எல்ச்சேயின் பேரீச்சந்தோப்பு என்று ஊர் ஊராகப் போய், அங்கேயே ஆள் வைத்து, பெரும்பாலும் வெளியிலேயே வரைந்தார். காஸ்தீயா படம் ஒன்றே ஏறக்குறைய 14 மீட்டர். உடம்பு கெட்டது, வீட்டு ஏக்கம் கடிதங்களில் நிறைய வருகிறது. என் அபிப்பிராயத்தைக் கேட்டால், மொத்தமாக அது அவருடைய சிறந்த வேலை இல்லை. உடை காட்டுவது ஒரு கடமையாகிவிட்ட இடங்களில் படம் துணிக்கடை பொம்மை வரிசை மாதிரி நிற்கிறது. ஆனால் கடைசிப் படம், 1919இல் போர்ச்சுகல் எல்லையை ஒட்டிய அயமோந்தேயில் வரைந்தது, வேறு ரகம். துணிப் பந்தலின் நிழலில் சூரை மீன்களை இறக்கி வரிசையாகக் கிடத்தியிருக்கிறார்கள். வழுவழுப்பான வெள்ளி உடம்புகள். பந்தல் துணி வழியாக வடிகட்டி வரும் வெளிச்சம், வெளியே கொளுத்தும் ஆறு. கடமை முடிகிற நேரத்தில் பழைய சொரோயா திரும்பி வந்துவிட்டார்.

அந்த ஏழு வருடத்தில் வெளியே உலகம் மாறிவிட்டது. 1913இல் நியூயார்க்கில் நடந்த ஆர்மரி கண்காட்சி, மதீஸ், பிக்காசோ, துஷாம் போன்ற புதுப் பாணி ஓவியர்களை அமெரிக்கர்கள் முன்னால் கொண்டுவந்து நிறுத்தியது. தன் ஸ்டூடியோவுக்கு வெளியே சொரோயா பழசாகிக்கொண்டிருந்தார். ஸ்பெயினுக்குள்ளேயும் எதிர்ப்பு இருந்தது. 1898இல் அமெரிக்காவிடம் தோற்று, கியூபாவையும் பிலிப்பைன்ஸையும் இழந்த நாடு அது. உனமுனோ போன்ற எழுத்தாளர்களுக்கு, இன்னொரு ஸ்பானிய ஓவியர் சுலோவாகா வரைந்த கறுத்த, இறுகிய ஸ்பெயின்தான் உண்மையாகத் தெரிந்தது. சொரோயாவின் வெயிலை மேலோட்டம் என்றார்கள். அந்தத் தீர்ப்பு பல பத்தாண்டுகள் நின்றது. அவர் மீன்பிடிக் காயத்தையும் கைவிலங்கையும் வரைந்ததை வசதியாக மறந்துவிட்ட தீர்ப்பு அது. இப்போது நிலைமை மாறிவிட்டது. 2009இல் பிராதோவிலும் 2019இல் லண்டன் நேஷனல் கேலரியிலும் பெரிய கண்காட்சிகள் நடந்தன. வலென்சியாவின் அதிவேக ரயில் நிலையத்துக்கே அவர் பெயர்தான்.

மாட்ரிட்டில் 1911 வாக்கில் கட்டிக்கொண்ட வீட்டில், கிரனாதாவிலும் செவியாவிலும் பார்த்த அரண்மனைத் தோட்டங்களை மனதில் வைத்து, தானே திட்டமிட்டு ஒரு தோட்டம் போட்டிருந்தார். நீரூற்று, ஓடுபதித்த திண்ணை, ரோஜா, மிர்ட்டல் செடி வேலி. பெரிய சுவர் வேலையின் நடுவிலும் பின்னாலும் தனக்காக அவர் வரைந்தது இந்தத் தோட்டத்தைத்தான். கடற்கரைப் படங்களில் இருக்கும் கூச்சல் இதில் இல்லை.

1920 ஜூனில் அந்தத் தோட்டத்தில்தான் எழுத்தாளர் பெரெஸ் தெ அயாலாவின் மனைவியை உட்காரவைத்து உருவப்படம் வரைந்துகொண்டிருந்தார். பக்கவாதம் தாக்கியது. எழுந்து வந்து மறுபடி தூரிகை பிடித்து நாலைந்து தீற்று வைத்துப் பார்த்திருக்கிறார். கை கேட்கவில்லை. முடியவில்லை என்று அழுதார் என்று கூட இருந்த அயாலா எழுதியிருக்கிறார். அதற்குப் பிறகு அவர் வரையவே இல்லை. 1923 ஆகஸ்ட் 10, மாட்ரிட்டுக்கு வடக்கே மலையடிவாரத்து செர்செதீயாவில் இறந்தார். நியூயார்க் அறையில் படங்கள் மாட்டப்பட்டுத் திறந்தது 1926இல். அதை அவர் பார்க்கவில்லை.

குளோடில்டே 1929இல் இறக்கும்போது வீட்டையும் படங்களையும் நாட்டுக்கு எழுதிவைத்தார். 1932இல் அது சொரோயா அருங்காட்சியகமாகத் திறந்தது. ஸ்டூடியோவின் உயரக் கூரையும் தூரிகைகளும் இன்னும் அங்கே இருக்கின்றன. விரிவாக்க வேலைக்காக 2024 அக்டோபரில் மூடினார்கள், ஆகவே மாட்ரிட் பயணம் போடுவதற்கு முன் திறந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். திறந்திருந்தால் 'கடலோர நடை'யின் முன்னால் முதலில் மூக்கு ஒட்டுகிற தூரத்தில் நின்று, அந்த வெள்ளைப் பாவாடையின் கீழ்ப்பக்கத்தில் எத்தனை நிறம் இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். அப்புறம் மெதுவாகப் பின்னால் நகருங்கள்.